தகாஷி ஷிமுரா

தகாஷி ஷிமுரா (1905 மார்ச் 12 – 1982 பிப்ரவரி 11) ஜப்பானியத் திரைப்பட வரலாற்றின் முதன்மையான குணச்சித்திர நடிகர்களுள் ஒருவர். 1930களின் நடுவில் திரைக்கு வந்து, நாற்பத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாக 200க்கு மேற்பட்ட படங்களில் மருத்துவர், துப்பறிவாளர், விறகுவெட்டி, அரசு எழுத்தர், சாமுராய், அறிவியலாளர், துறவி எனப் பலவகை வேடங்களை ஏற்றார். அகிரா குரோசவா இயக்கிய 30 படங்களில் 21 படங்களில் நடித்தவர் இவரே. குரோசவாவின் நாயகனாக உலகம் அறிந்த தொஷிரோ மிஃபுனே நடித்தவை 16. ‘இகிரு’ (1952), ‘ஏழு சாமுராய்கள்’ (1954), ‘கோட்சில்லா’ (1954) ஆகிய மூன்றும் ஷிமுராவின் பெயரை ஜப்பானுக்கு வெளியே கொண்டுசென்ற படங்கள்.

ஜப்பானிய மொழியில் துணை வேடத்துக்கு ‘வக்கியாக்கு’ என்று பெயர். ‘வக்கி’ என்றால் பக்கம். ‘யாக்கு’ என்றால் வேடம். பழைய நோ நாடக மரபிலும் ‘வக்கி’ என்றொரு பாத்திரம் உண்டு. முகமூடி அணியக்கூடிய தலைமைப் பாத்திரமாகிய ‘ஷித்தே’யைச் சந்தித்து, கேள்வி கேட்டு அதன் துயரத்தை வெளிக்கொணர்ந்தபின், மேடையின் ஓரத் தூணருகே அமர்ந்து அதைப் பார்த்துக்கொண்டிருப்பது வக்கியின் வேலை. வக்கிக்கு முகமூடி கிடையாது. ஷிமுரா நோ மரபில் பயின்றவர் அல்லர். எனினும் அவருடைய புகழ்பெற்ற வேடங்களுள் பல இந்த இலக்கணத்துக்குப் பொருந்துகின்றன. பிறருக்கு நேர்வதைக் கண்டும் கேட்டும், அதன் எடையைத் தம் முகத்தில் தாங்குகிற மனிதராகவே அவர் திரும்பத் திரும்பத் தோன்றினார்.

பிறப்பும் இளமையும்

ஷிமுராவின் இயற்பெயர் ஷோஜி ஷிமாசாகி. மேற்கு ஜப்பானின் ஹியோகோ மாநிலத்தில் வெள்ளிச் சுரங்கத்துக்குப் பெயர்பெற்ற இகுனோ என்னும் ஊரில் பிறந்தார். குடும்பம் சாமுராய் வழியில் வந்தது. பாட்டனார் 1868இல் நடந்த தோபா-ஃபுஷிமி போரில் பங்கேற்றவர். தந்தை சுரங்க நிறுவனத்தில் பணியாற்றினார். பள்ளிப் பருவத்தில் இலேசான காசநோய் கண்டு ஷிமுராவின் படிப்பு இரண்டாண்டுகள் தடைப்பட்டது. தந்தைக்குப் பணிமாற்றம் ஏற்பட்டதால் தெற்கே மியாசாகி மாநிலத்தின் நோபெயோகாவுக்குச் சென்று அங்குள்ள நடுநிலைப் பள்ளியில் சேர்ந்தவர், பள்ளி இதழில் கவிதை எழுதுவதிலும் படகுப் போட்டியிலும் ஈடுபாடு காட்டினார்.

1923இல் ஒசாகாவின் கன்சாய் பல்கலைக்கழகத்தில் ஆங்கில இலக்கியம் பயிலத் தொடங்கினார். தந்தை ஓய்வுபெற்றபின் முழுநேரப் படிப்புக்குப் பணம் போதாமல், பகலில் நகராட்சிக் குடிநீர் அலுவலகத்தில் வேலை பார்த்துக்கொண்டு மாலை வகுப்புகளுக்கு மாறினார். நாடகத்தில் ஆழ்ந்த ஆசிரியர்களின் தூண்டுதலால் மேடை மீது ஆர்வம் பிறந்து, 1928இல் ‘ஷிச்சிகத்சு-சா’ (ஜூலை நாடகக் குழு) என்னும் பயில்முறைக் குழுவை அமைப்பதில் பங்கெடுத்தார். ஒத்திகை மிகுந்து அலுவலக வருகை குறைந்ததால் வேலை போயிற்று. அதன்பின் நாடகமே தொழிலாயிற்று. அவருடைய ஈடுபாடு ‘ஷிங்கெகி’ எனப்பட்ட புதிய நாடகத்தில் இருந்தது. பாட்டும் ஆட்டமும் ஓங்கிய கபுகி மரபை விட்டு, மேலைநாட்டு எழுத்து நாடகங்களைப் பின்பற்றி இயல்பான பேச்சையும் சமகால வாழ்வையும் மேடையேற்றிய இயக்கம் அது.

திரையில் முதல் பத்தாண்டு

நாடகக் குழுக்கள் வருவாயின்றித் தள்ளாடிய நிலையில், 1932இல் ஷிமுரா கியோத்தோவிலிருந்த ஷின்கோ கினிமா படப்பிடிப்புக் கூடத்தில் சேர்ந்தார். பேசும் படங்கள் ஜப்பானில் மெல்ல வேரூன்றிவந்த காலம் அது. வசனத்தைத் தெளிவாகச் சொல்லத் தெரிந்த மேடை நடிகர்களுக்குத் தேவை இருந்தது. 1934இல் முதன்முறையாகத் திரையில் தோன்றினார். கென்ஜி மிசோகுச்சியின் ‘ஒசாகா துயரப்பாடல்’ (1936) படத்தில் ஏற்ற துப்பறிவாளர் வேடமும், மன்சாக்கு இத்தாமியின் ‘அக்கானிஷி ககித்தா’ (1936) படத்தில் ஏற்ற வேடமும் அவரைக் கவனிக்கச் செய்தன.

1937இல் நிக்காத்சு நிறுவனத்தின் கியோத்தோ கூடத்துக்கு மாறிய ஷிமுரா, அடுத்த ஐந்தாண்டுகளில் அங்கு நூற்றை எட்டும் எண்ணிக்கையில் படங்களில் நடித்தார். இவற்றுள் பெரும்பாலானவை ‘ஜிதாய்கெகி’, அதாவது வாள்வீரர்களும் பழைய நகர வாழ்வும் இடம்பெறும் வரலாற்றுக் காலப் படங்கள். கன்ஜூரோ அராஷி துப்பறிவாளராக நடித்த ‘உமோன்’ வரிசைப் படங்களில் தொடர்ந்து இடம்பெற்றார். கிடைத்த வேடம் எதுவாயினும் அதைச் சில நாட்களில் முடித்துக் கொடுத்துவிட்டு அடுத்ததற்குச் செல்ல வேண்டிய அந்த ஓட்டமே, ஒரு பாத்திரத்தை ஓரிரு அசைவுகளில் நிலைநிறுத்தும் பயிற்சியாக அவருக்கு அமைந்தது.

அக்காலப் படங்களுள் இன்றும் விரும்பிப் பார்க்கப்படுவது மசாஹிரோ மகினோ இயக்கிய ‘பாடும் காதல் பறவைகள்’ (1939). இசை நாடகத்தின் கலகலப்பைச் சாமுராய் காலத்துக்குள் கொண்டுவந்த இப்படத்தில், குடை செய்து பிழைக்கும் ‘ரோனின்’ ஆக, அதாவது தலைவனை இழந்து வேலையற்ற சாமுராயாக, ஷிமுரா வருகிறார். வீட்டில் அரிசிக்கு வழியில்லாதபோதும் பழம்பொருள் கடையில் காசைக் கொட்டிப் போலிகளை வாங்கிவரும் இந்தத் தந்தை, தம் மகிழ்ச்சியையும் ஏமாற்றத்தையும் கணீரென்ற குரலில் பாடியே சொல்கிறார். இளைஞராக இருந்தும் முதியவராக நம்பவைக்கும் திறனும், நகைச்சுவையில் எளிதாகக் கலக்கும் இயல்பும் இதில் தெரிகின்றன.

இராணுவ ஆதிக்கம் மேலோங்கிய ஆண்டுகளில், இடதுசாரி நாடகக் குழுக்களோடு முன்னர் கொண்டிருந்த தொடர்பின் காரணமாகச் சிந்தனைக் குற்றங்களைக் கண்காணித்த ‘தொக்கோ’ என்னும் சிறப்பு உயர் காவல்துறை அவரைப் பிடித்து ஏறத்தாழ மூன்று வாரம் காவலில் வைத்தது. மனைவி மசாகோவும் சக நடிகர் ரியூனோசுகே த்சுகிகத்தாவும் பிணை நின்று அவரை மீட்டனர். போர் முடிந்தபின் குரோசவாவின் ‘நம் இளமைக்கு வருத்தமில்லை’ (1946) படத்தில், ‘நச்சு ஸ்ட்ராபெரி’ என்று பட்டப்பெயர் கொண்ட அதே சிறப்புக் காவல்துறையின் அதிகாரியாக ஷிமுரா நடித்தார். விசாரிக்கப்பட்டவரே விசாரிப்பவராக அமர்ந்த அந்த வேடம் அவருடைய சொந்த அனுபவத்தின் சாயல் படிந்தது.

குரோசவாவுடன்

1943இல் ஷிமுரா தோக்கியோவின் தோஹோ நிறுவனத்துக்கு வந்தார். அதே ஆண்டில் அங்கே முதற்படத்தை இயக்கிய குரோசவா, ‘சன்ஷிரோ சுகாத்தா’வில் மூத்த ஜுஜுத்சு வல்லுநரான முராய் ஹன்சுகேவின் வேடத்தை அவருக்கு அளித்தார். ஜுஜுத்சு என்பது ஜூடோவுக்கு முந்தைய மற்போர்க் கலை. இளம் நாயகனிடம் தோற்கப்போகும் முதியவராக, தோல்வியைப் பகையின்றி ஏற்கும் கண்ணியத்தை அவர் இதில் காட்டினார். இக்கூட்டு ‘காகெமுஷா’ (1980) வரை நீடித்தது.

குரோசவா 1948இல் எடுத்த ‘குடிகாரத் தேவதை’ தொடங்கி 1965இல் வெளிவந்த ‘செந்தாடி’ வரை மொத்தம் 17 படங்களை இயக்கினார். மிஃபுனே இவற்றுள் ‘இகிரு’ தவிர அனைத்திலும் நடித்தார். ஷிமுரா ‘அடித்தளங்கள்’ (1957) தவிர அனைத்திலும் நடித்தார். ஆகவே குரோசவாவின் உச்சக் காலப் படங்களை இவ்விருவரின் எதிர்நிலை தாங்கி நின்றது என்று சொல்வது மிகையாகாது. ஒருவர் தம் வேகத்தால் சட்டகத்தைக் கலக்குவார்; மற்றவர் தம் நிதானத்தால் அதை நிறுத்துவார். மிஃபுனேயின் முதற்படமான ‘பனி மலைகளின் விளிம்பு’ (1947, இயக்கம்: செங்கிச்சி தனிகுச்சி, திரைக்கதை: குரோசவா) இவ்விருவரையும் வங்கிக் கொள்ளையர்களாக முதன்முறை இணைத்தது.

‘குடிகாரத் தேவதை’யில் ஷிமுரா ஏற்றது, சாக்கடைக் குட்டையின் ஓரத்தில் ஏழைகளுக்கு வைத்தியம் பார்க்கும் மருத்துவர் சனாதாவின் வேடம். மருந்துச் சாராயத்தையே கலந்து குடிக்கும் இந்த முரடர், காசநோய் கண்ட இளம் ‘யாக்குசா’வை (குற்றக் கும்பல் உறுப்பினரை) திட்டியும் பொருள்களை வீசியெறிந்தும் காப்பாற்றப் போராடுகிறார். இளமையில் தாமே அந்நோயைக் கண்ட ஷிமுரா, இரக்கத்தை முழுக்கக் கோபமாகவே வெளிப்படுத்தினார். கனிவான சொல் ஒன்றுகூடச் சனாதாவின் வாயில் எளிதில் வருவதில்லை.

அடுத்த ஆண்டின் ‘தெருநாய்’ (1949) நேர்மாறான வேடத்தைத் தந்தது. துப்பாக்கியைப் பறிகொடுத்த இளம் துப்பறிவாளர் வெயிலில் பதறித் திரிய, மூத்தவரான சாத்தோ விசிறியும் கைக்குட்டையுமாக அமைதியாக வேலை பார்க்கிறார். கள்ளத் துப்பாக்கிக் கும்பலைச் சேர்ந்த பெண்ணொருத்தியை அவர் விசாரிக்கும் காட்சி இதற்குச் சான்று. அதட்டல் எதுவுமின்றி அவளுக்குக் குச்சி ஐஸ் வாங்கிக் கொடுத்து, தாமும் ஒன்றைச் சுவைத்தபடி ஊர்க்கதை பேசுகிறார். பேச்சோடு பேச்சாகத் தேவையான செய்தி வெளிவந்துவிடுகிறது. ‘ஊழல் செய்தி’ (1950) படத்தில், நோயுற்ற மகளை நேசித்தும் எதிர்த்தரப்பிடம் காசு வாங்கிக் கட்சிக்காரரை ஏமாற்றும் கோழை வழக்கறிஞராக வந்து, கதையின் மையத்தையே தம் பக்கம் இழுத்துக்கொண்டார்.

1951இல் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருது பெற்று ஜப்பானியத் திரைப்படத்தை உலகுக்கு அறிமுகப்படுத்திய ‘ராஷோமோன்’ (1950) படத்தில் அவர் விறகுவெட்டி. ஒரு கொலையைப் பற்றி நால்வர் நான்கு விதமாகச் சொல்லும் இக்கதையில், தனக்குச் சார்பு ஏதுமில்லாத சாட்சியாகத் தோன்றுபவர் இவர் மட்டுமே. எனவே இடிந்த வாயிலில் மழைக்கு ஒதுங்கியபடி குழம்பி நிற்கும் அவர் முகத்தை நம்பியே பார்வையாளர் கதைக்குள் நுழைகின்றனர். இறந்தவருடைய மனைவியின் விலையுயர்ந்த குறுவாளை எடுத்தவரும் இவரே என்னும் ஐயம் எழும்போது அந்த நம்பிக்கையும் உடைகிறது. இறுதியில், தமக்கு ஏற்கெனவே ஆறு குழந்தைகள் இருக்க, கைவிடப்பட்ட பச்சிளங்குழந்தையை அவர் வாங்கிக்கொண்டு நடக்கிறார். சாட்சி, திருடன், தந்தை என்னும் மூன்று நிலைகளும் ஒரே எளிய முகத்தில் அடங்குகின்றன.

‘இகிரு’

‘வாழ்தல்’ என்று பொருள்படும் ‘இகிரு’, ஷிமுராவை ஓரத்திலிருந்து நடுவுக்குக் கொண்டுவந்த படம். முப்பதாண்டுகளாகக் கோப்புகளில் முத்திரை குத்துவதைத் தவிர வேறெதுவும் செய்யாத நகராட்சிப் பிரிவுத் தலைவர் கன்ஜி வத்தானாபே, தமக்கு இரைப்பைப் புற்றுநோய் என்று அறிகிறார். குடியிலும் கேளிக்கையிலும் ஆறுதல் தேடித் தோற்றபின், பல துறைகளுக்கிடையே பந்தாடப்பட்டுக் கிடந்த ஒரு மனுவை, சாக்கடைத் தேக்கத்தை மூடிச் சிறுவர் பூங்கா அமைக்கக் கோரிய தாய்மாரின் மனுவை, நிறைவேற்றுவதில் எஞ்சிய நாட்களைச் செலவிடுகிறார். படம் வெளியானபோது ஷிமுராவுக்கு வயது 47. குனிந்த முதுகு, அடிக்கடி தாழும் இமை, தொண்டையில் சிக்கித் துண்டு துண்டாக வரும் குரல் ஆகியவற்றால் தம்மைவிட மூத்த, உயிர் பாதி வற்றிய மனிதரை உருவாக்கினார்.

இரவு விடுதியில் வத்தானாபே 1915ஆம் ஆண்டுக் காதற்பாடலான ‘கோந்தோலாப் பாட்டை’ப் பாடும் காட்சி, நடிப்புக் கலை பற்றிய நூல்களில் அடிக்கடி எடுத்தாளப்படுவது. உதடு அசைவதே தெரியாமல், இமை கொட்டாமல், கண்ணீர் வழிய, மூச்சுக்கும் முனகலுக்கும் இடைப்பட்ட குரலில் அவர் பாடத் தொடங்க, ஆடிக்கொண்டிருந்தோர் ஒவ்வொருவராக விலகி நிற்கின்றனர். 1939இல் கணீரெனப் பாடிய அதே தொண்டை இங்கே வேண்டுமென்றே வற்றவைக்கப்பட்டிருக்கிறது. இதற்கு இணையான இன்னொரு காட்சி தேநீர் விடுதியில் நிகழ்கிறது. தாம் செய்யக்கூடியது ஒன்று உண்டு என்று உணர்ந்த வத்தானாபே பொம்மை முயலைக் கையில் பற்றியபடி படியிறங்கி ஓட, எதிர்ப்புறம் யாரோ ஒரு பெண்ணின் பிறந்தநாளுக்குக் கூடியிருந்த மாணவர்கள் வாழ்த்துப் பாடுகின்றனர். வாழ்த்து அவருக்கானதன்று, எனினும் பிறப்பு அவருடையது.

நாயகன் படத்தின் நடுப்பகுதியைத் தாண்டியதுமே இறந்துவிடுகிறார். அதன்பின் நீத்தார் கூட்டத்தில் சக அலுவலர்கள் அவரைப் பற்றி வாதிட, நினைவுத் துணுக்குகளில் மட்டுமே ஷிமுரா தோன்றுகிறார். பனி பொழியும் இரவில் தாம் அமைத்த பூங்காவின் ஊஞ்சலில் அமர்ந்து, அதே பாட்டை இம்முறை நிறைவோடு பாடுவது அவற்றுள் ஒன்று. இந்த வேடத்துக்காகப் பிரித்தானியத் திரைப்படக் கழகத்தின் சிறந்த வெளிநாட்டு நடிகர் விருதுக்குப் பரிந்துரைக்கப்பட்டார். 2022இல் கசுவோ இஷிகுரோவின் திரைக்கதையில் வந்த ‘லிவிங்’ என்னும் ஆங்கில மறுவாக்கத்தில் இவ்வேடத்தைப் பில் நை ஏற்றார்.

1954: சாமுராயும் அறிவியலாளரும்

1954ஆம் ஆண்டு ஷிமுராவின் வேட விரிவுக்கு அளவுகோலாகக் கொள்ளத்தக்கது. ஏப்ரலில் வெளிவந்த ‘ஏழு சாமுராய்கள்’ படத்தில், கொள்ளையரிடமிருந்து ஒரு சிற்றூரைக் காக்க எழுவரைத் திரட்டி வழிநடத்தும் கம்பெய் ஷிமாதா அவர். கம்பெயின் அறிமுகக் காட்சியில் வீரச் சொல் எதுவும் இல்லை. குழந்தையைப் பிணையாகப் பிடித்துக் குடிசைக்குள் பதுங்கிய திருடனை ஏமாற்ற, துறவியாக வேடமிட வேண்டும். அதற்காகச் சாமுராயின் மானச் சின்னமாகிய உச்சிக் குடுமியை ஓடைக்கரையில் அமர்ந்து மழித்துக்கொள்கிறார். கூடியிருந்த ஊரார் வியந்து பார்க்க, அவர் முகத்தில் பெருமிதமோ தயக்கமோ இல்லை. அதன்பின் மழித்த தலையைக் கையால் தடவிக்கொள்ளும் பழக்கம் படம் முழுவதும் தொடர்கிறது. திட்டம் தீட்டும்போதும் நாணும்போதும் துயருறும்போதும் அந்த ஒரே அசைவு வெவ்வேறு பொருள் தருகிறது. வெற்றி உழவர்களுடையதே, தம்முடையது அன்று என்று இறுதியில் அவர் கூறுவதில், பல போர்களில் தோற்றுத் தப்பியவரின் களைப்பு மேலோங்குகிறது.

நவம்பரில் இஷிரோ ஹோண்டாவின் ‘கோட்சில்லா’ வெளியாயிற்று. அவ்வாண்டு மார்ச்சில் பிக்கினித் தீவில் அமெரிக்கா நடத்திய அணுகுண்டுச் சோதனையின் கதிர்வீச்சு ஜப்பானிய மீன்பிடிப் படகொன்றைத் தாக்கியதால் எழுந்த அச்சத்திலிருந்து பிறந்த படம் இது. ‘தொக்குசாத்சு’ எனப்படும் ஜப்பானியச் சிறப்புக் காட்சிப் படங்களின் வரிசை இதிலிருந்தே பெருகியது. தொல்லுயிர் ஆய்வாளர் யமானேயாக ஷிமுரா, எல்லோரும் அழிக்க விரும்பும் விலங்கை ஆராய விரும்பும் ஒரே மனிதர். அது கொல்லப்படப்போவதை எண்ணி விளக்கை அணைக்கச் சொல்லி இருட்டில் தனியே அமர்ந்திருக்கும் காட்சியும், சோதனைகள் தொடர்ந்தால் இத்தகைய இன்னொன்று தோன்றக்கூடும் என்னும் முடிவு எச்சரிக்கையும், ரப்பர் உடை அணிந்த பூதத்தின் கதைக்குத் துயர நாடகத்தின் கனத்தைத் தந்தன. தொடர்ந்து ‘மர்மக் கோளினர்’ (1957), ‘மோத்ரா’ (1961), ‘கொராத்’ (1962), ‘மூன்றுதலை கிதோரா’ (1964) முதலியவற்றில் பேராசிரியர், செய்தி ஆசிரியர் போன்ற வேடங்களை ஏற்றார். குரோசவா படத்தில் காட்டிய அக்கறையில் சற்றும் குறையாமல் இவற்றில் நடித்தமையால், நம்பமுடியாத நிகழ்வுகளுக்கு நம்பத்தக்க சாட்சியாக அவர் அமைந்தார்.

பிற்காலம்

1955 முதல் குரோசவாவின் படங்களில் ஷிமுராவின் வேடங்கள் சுருங்கின. ஆனால் வகை விரிந்தது. ‘அச்சத்தில் வாழ்கிறேன்’ (1955) படத்தில் குடும்ப நீதிமன்றத்தில் நடுவராக அமரும் பல் மருத்துவர், ‘தீயோர் நன்கு உறங்குவர்’ (1960) படத்தில் ஊழல் அதிகாரி, ‘யோஜிம்போ’வில் (1961) ஒரு கும்பலுக்குப் பின்னால் நிற்கும் மதுவாலை முதலாளி, ‘சன்ஜூரோ’வில் (1962) நகைப்புக்குரிய சதிகாரர். நல்லவர் என்று மக்கள் மனத்தில் பதிந்துவிட்ட முகத்தைக் குரோசவா இவ்வாறு தீமைக்கும் கேலிக்கும் பயன்படுத்தினார்.

மற்ற இயக்குநர்களும் அவரைத் தேடினர். மசாகி கோபயாஷியின் ‘குவாய்தான்’ படத்தில், ஆவிகளிடமிருந்து காக்கப் பார்வையற்ற இசைஞனின் உடல் முழுதும் மறைமொழிகளை எழுதச் செய்யும் மடத்தலைவராக வந்தார். காதுகளில் எழுத மறந்த பிழையே அக்கதையின் பேரிடர். கிஹாச்சி ஒகமோட்டோவின் ‘ஜப்பானின் மிக நீண்ட நாள்’ (1967) படத்தில் 1945ஆம் ஆண்டுச் சரணடைவின்போது தகவல் துறைத் தலைவராயிருந்த ஷிமோமுராவாக நடித்தார். யோஜி யமாடாவின் நெடும் நகைச்சுவை வரிசையான ‘ஆணாய்ப் பிறந்தால் துன்பம்’ படங்களில், நாயகன் தோராவின் தங்கை கணவருடைய தந்தையாக மூன்று முறை தோன்றினார். 1971இல் வந்த எட்டாவது படத்தில், மனைவியை இழந்த இப்பேராசிரியர் ஊர்சுற்றியான தோராவிடம் தாம் முன்பு நாட்டுப்புறச் சாலையில் கண்ட மாலைக் காட்சியை விவரிக்கிறார்: முற்றத்தில் மலர்ந்த பூக்கள், விளக்கொளியில் ஒன்றாக உண்ணும் குடும்பம், அதுவே மனித வாழ்வு என்னும் உணர்வு. குரல் உயராமல், கை அசையாமல் சொல்லப்படும் இப்பகுதி, பல ஆண்டுகளுக்கு முன் வத்தானாபே எழுப்பிய கேள்விக்கு அதே நடிகர் அளித்த தாழ்குரல் விடைபோல ஒலிக்கிறது.

1974இல் கலைச் சாதனைக்கான ஊதா நாடாப் பதக்கத்தையும், 1980இல் உதயசூரியன் விருதின் நான்காம் நிலையையும் ஜப்பானிய அரசு அவருக்கு வழங்கியது. ‘காகெமுஷா’வில் முதிய படைத்தலைவராகச் சிறு வேடம் ஏற்றார். பன்னாட்டு வெளியீட்டுக்காகப் படம் சுருக்கப்பட்டபோது நீக்கப்பட்ட அவருடைய காட்சிகள், பிற்கால முழுப் பதிப்பில் மீண்டும் இடம்பெற்றன. நுரையீரல் விரிவு நோயால் 1982இல் தம் 76ஆம் வயதில் தோக்கியோவில் காலமானார்.

நடிப்பு முறையும் மதிப்பீடும்

ஷிமுராவின் பன்முகத்தன்மை ஒப்பனையால் வந்ததன்று. தடித்த உதடுகளும் அகன்ற கண்களும் கொண்ட அம்முகம் எல்லாப் படங்களிலும் அடையாளம் தெரியும்படியே இருக்கிறது. மாறுவன முதுகின் வளைவு, நடையின் வேகம், மூச்சை எங்கே நிறுத்துவது என்னும் கணக்கு ஆகியவையே. இரண்டாவதாக, அவர் கேட்பதை நடித்தவர். ‘தெருநாய்’ படத்தில் சாத்தோவும், ‘ராஷோமோன்’ படத்தில் விறகுவெட்டியும், ‘ஏழு சாமுராய்கள்’ படத்தில் உழவரின் முறையீட்டைக் கேட்டுக் கையிலேந்திய சோற்றுக் கிண்ணத்தை நோக்கும் கம்பெயும், தாம் பேசும் பொழுதைவிடப் பிறர் பேசும் பொழுதில் கூடுதலாக வெளிப்படுகின்றனர். வத்தானாபேயின் கதையும் இதன் நீட்சியே: தம் மேசைக்கு வந்த மனுவை முப்பதாண்டுகள் கேளாதிருந்தவர், கடைசியில் ஒன்றைக் கேட்கிறார். வக்கியின் கலை பிறர் சொல்லைக் கேட்பதென்றால், ஷிமுரா நடுவில் நின்ற அப்படத்திலும் தம் இடத்தை விட்டு விலகவில்லை.